விஷம் என்று எழுதிய டப்பா

எம்மா, என் தங்கமான அம்மா,

முதலில் திட்டு வாங்கிக்கொள்கிறேன், மற்றதைப் பிறகு பேசுவோம். உங்கள் பெட்டிக்குள் கால்மாட்டில், வெள்ளைத் துண்டில் சுற்றி வைத்தோமே, அது நீங்கள் வைக்கச் சொன்ன டப்பா இல்லை. நாம் கிறிஸ்துமஸ் கேக் சுடுகிற வட்டத் தகர டப்பா. கனம் வேண்டுமே என்று உள்ளே இரண்டு கிலோ கோதுமை மாவைக் கொட்டி மூடினேன். டெல்லிக்கு வந்த நாளிலிருந்து கோதுமையைத் திட்டித் தீர்த்த உங்களுக்குப் போய் இதைச் செய்கிறோமே என்று எனக்குச் சிரிப்பும் வந்தது, அழுகையும் வந்தது. அழுகையை மட்டும்தான் எல்லோரும் பார்த்தார்கள்.

இதை ஏன் இப்போது சொல்கிறேன்? வருகிற சனிக்கிழமை நீங்கள் போய் ஒரு வருஷம். அன்றைக்குத்தான் கல்லறையில் கல் வைக்கிறோம். கொத்தனாரிடம் சொல்லியாகிவிட்டது. சபை மாதமலரில் உங்கள் நினைவாக அரைப் பக்கம் எழுதித் தரச்சொல்லி நேற்று மயூர் விஹாரிலிருந்து அண்ணன் போன் பண்ணினான். சபைச் செயலர் என்பதால் மாதமலரும் அவன் கையில்தான் இருக்கிறது. "வெள்ளிக்கிழமைக்குள்ள வேணும்" என்றான். நான் பத்து நாளாகக் கேட்டுக்கொண்டிருக்கிற கேள்விக்கு மட்டும் அவனிடமிருந்து பதில் வரவில்லை. போனை வைத்துவிட்டான்.

இன்றைக்குப் புதன். எழுத உட்கார்ந்துவிட்டேன். அரைப் பக்கத்தில் அடங்கும் என்று தோன்றவில்லை.

கிரேஸ் சிஸ்டர் என்றால் இந்த லக்ஷ்மிபாய் நகரில் தெரியாதவர் கிடையாது. பாதிப் பேர் உங்கள் கையால் ஊசி போட்டுக்கொண்டவர்கள். "உங்கம்மா கை பட்டா வலிக்காது" என்று மதர் டெய்ரி பால் வரிசையில் இன்னும் சொல்கிறார்கள். அந்தக் கையோடு கூட ஒரு முகமும் உங்களுக்கு இருந்தது, அதைத் துணியில் பெரிதாகக் காட்டி ஊர் ஊராக ஜனங்கள் காசு கொடுத்துப் பார்த்தார்கள் என்று இவர்களிடம் சொன்னால் நம்புவார்களா? எனக்கே போன வருஷம்தானே தெரியும்.

எங்களுக்குத் தெரிந்ததெல்லாம் டப்பாதான். வட்டமாக, தட்டையாக, துருப்பிடித்த ஒரு டப்பா. மூடிமேல் மருந்துக் கடைக் காகிதம் ஒட்டி, சிவப்பு மையில் விஷம் என்று தமிழிலும் இந்தியிலும் இங்கிலீஷிலும் எழுதியிருந்தீர்கள். நர்ஸ் வீட்டில் விஷம் இருப்பது எங்களுக்கு அதிசயமாகப் படவில்லை. அண்ணனும் நானும் அதைத் தொட்டதுகூட இல்லை. ஏப்ரல் பிறந்தால் போதும், பரணிலிருந்து அதை இறக்கித் தண்ணீர்ப் பானைக்குப் பக்கத்தில் ஈரச் சாக்கு சுற்றி வைப்பீர்கள். வீட்டுக்குக் கூலர் வந்த பிறகு கூலருக்குப் பின்னால் வைத்தீர்கள். நாங்கள் வேர்த்துக் கொட்டிக்கொண்டு கிடப்போம். விஷம் குளுகுளுவென்று இருக்கும். கேட்டால், "சூடு பட்டா அது கெட்டுப்போவும், அப்புறம் மனுசங்களையும் கெடுக்கும்" என்பீர்கள்.

ஆஸ்பத்திரியில் கடைசி வாரத்தில் ஒரு மத்தியானம் அண்ணன் இருக்கும்போதுதான் ஆரம்பித்தீர்கள். "அந்த மருந்து டப்பாவ என் பெட்டியில வச்சி மூடிருங்க. திறக்காண்டாம்." அண்ணன் தலையாட்டினான். அவனுக்கு அது ஏதோ பழைய மருந்து. அவன் பஸ்ஸுக்குப் போன பிறகு என் கையைப் பிடித்து இழுத்தீர்கள். "ஏட்டி, அதுல விஷம் ஒண்ணும் இல்ல. நான்தான் இருக்கேன்."

புத்தி தடுமாறுகிறது என்று நினைத்தேன். மன்னித்துக்கொள்ளுங்கள். அதற்கப்புறம் மூன்று மத்தியானம் நீங்கள் சொன்னதைக் கேட்ட பிறகுதான், தடுமாறியது என் புத்தி என்று தெரிந்தது.

திருநெல்வேலிப் பக்கத்து மிஷன் விடுதியில் வளர்ந்த பெண், நர்ஸ் படிப்பில் சேர மெட்ராஸ் வருகிறாள். சேர்க்கை திறக்க எட்டு மாசம் இருக்கிறது. தங்கியிருந்த வீட்டுக்காரம்மாவின் தம்பி படக் கம்பெனியில் தச்சு வேலை. "குளத்துல குதிக்க ஒரு பொண்ணு வேணுமாம், குதிக்கிற பொண்ணு ஒண்ணுகூட கிடைக்கலையாம்" என்று அவர் வந்து சொல்கிறார். ஆற்றுத் தண்ணீரில் பிறந்து வளர்ந்தவளுக்குக் குளம் ஒரு பெரிய காரியமா? போனீர்கள், குதித்தீர்கள். அத்தோடு விடவில்லை அவர்கள். மிஸ் பத்மலதா என்று பெயர் வைத்து, இரண்டு வருஷத்தில் மூன்று படம். முதல் படத்தில் ராணிக்கு விசிறி வீசுகிற பெண். இரண்டாவதில் ராணியின் தோழி. மூன்றாவதில் நீங்களே ராணி. எட்டு மாசம் என்று போன நீங்கள் நர்ஸ் படிப்பை ஒரு வருஷம் தள்ளிப்போட்டீர்கள். அதைச் சொல்லும்போது மட்டும் உங்கள் குரல் இறங்கியது.

பேசாத படத்தில் நடிக்கிறவர்கள் என்ன பேசுவார்கள் என்று நான் கேட்டேன். சிரித்தீர்கள். வாய் அசைந்தால் போதுமாம். படம் எடுக்கிறவர் காமிராவுக்குப் பக்கத்தில் நின்று அழு, திரும்பு, கும்பிடு என்று கத்திக்கொண்டே இருப்பாராம். உங்கள் ராஜா உங்களைப் பார்த்து உருகி உருகிச் சொன்னது கத்தரிக்காய், வெண்டைக்காய், புடலங்காயாம். நீங்கள் என்ன சொன்னீர்கள் என்று கேட்டபோது சுவர்ப் பக்கம் திரும்பிப் படுத்துக்கொண்டீர்கள்.

மூன்றாவது படம் உங்கள் ஊருக்கும் போனது. கொட்டகை வாசலில் ஒட்டின படத்தில், அம்மன் சிலைக்கு முன்னால் நீங்கள் கைகூப்பி நின்றுகொண்டிருந்தீர்கள். வேறென்ன வேண்டும்? சபை மூப்பர்கள் கூடினார்கள். சினிமாவாவது போகட்டும், விக்கிரகத்தைக் கும்பிட்டாளே என்றார்கள். அவர்களில் ஒருவர்கூடப் படத்தைப் பார்க்கவில்லை, ஏனென்றால் படம் பார்ப்பது பாவம். பார்க்காமலே தீர்ப்பு. உங்களை வரவழைத்து, ஞாயிற்றுக்கிழமை ஆராதனையில் சபைக்கு முன்னால் நிற்க வைத்தார்கள். செய்தது பாவம், இனி அந்தத் தொழிலைத் தொடமாட்டேன், வாயாலும் எடுக்கமாட்டேன் என்று சொல்லிக் கையெழுத்துப் போட்ட பிறகுதான் திருவிருந்தில் இடம் கொடுத்தார்கள். உங்களுக்கு அப்போது பத்தொன்பது வயது.

"அப்பாவுக்குத் தெரியுமா?" என்றேன்.

"தெரிஞ்சுதான் கட்டுனாவ. ஒரு நாளும் கேக்கல."

பேசும் படம் வந்து கம்பெனியை இழுத்து மூடியபோது, ஃபிலிமையெல்லாம் படம் அழிய அலசி வளையல் செய்கிறவனுக்கு எடைக்குப் போட்டுக்கொண்டிருந்தார்கள். நர்ஸ் உடுப்போடு போய் நின்று ஒரே ஒரு சுருள் கேட்டு வாங்கி வந்திருக்கிறீர்கள். அதைத்தான் விஷம் என்று எழுதி வைத்தீர்கள். எல்லாம் சொல்லி முடித்துக் கடைசியில், "பெட்டியில வச்சிரு. சத்தியம் பண்ணு" என்றீர்கள். பண்ணினேன்.

அதற்கப்புறம் நான்கு நாளில் நீங்கள் போய்விட்டீர்கள். டப்பாவைப் பரணிலிருந்து இறக்கிக் கையில் வைத்துக்கொண்டு சமையல் மேடையில் உட்கார்ந்திருந்தேன். வெளியே அறையில் சபையார் பாட ஆரம்பித்துவிட்டார்கள். ஐம்பது வருஷமாக வெயில் படாமல் காப்பாற்றிய ஒன்றை மண்ணுக்குள் போடச் சொல்கிறீர்களே, எந்த அம்மா சொல்வதைக் கேட்பது? ஏப்ரலில் ஈரச் சாக்கு சுற்றிய அம்மாவையா, ஆஸ்பத்திரிக் கட்டிலில் சத்தியம் கேட்ட அம்மாவையா? யோசிக்க நேரம் இல்லை. கேக் டப்பா கைக்கு எட்டியது.

துண்டில் சுற்றி அண்ணனிடம் கொடுத்தேன். அவன்தான் தன் கையால் உங்கள் காலடியில் வைத்தான். வைத்துவிட்டு எல்லோருக்கும் கேட்கிற மாதிரி, "அம்மா சொன்னதச் செஞ்சாச்சு" என்றான். உங்கள் முகத்தைப் பார்க்கவில்லை, பார்க்க முடியவில்லை.

பத்து மாசம் அந்த டப்பாவோடு குடித்தனம் நடத்தினேன். திறக்கவும் பயம், தூக்கிப் போடவும் பயம். ஆபீஸில் என்னைக் கண்டால் நடுங்குகிற பேர்வழிகள் இருக்கிறார்கள், எந்த ஃபைலையும் ஒரு நாளைக்கு மேல் தங்கவிடமாட்டேன் என்று. என் வீட்டுப் பரணில் இப்படி ஒரு ஃபைல் கிடந்தது. ஒருநாள் பேப்பரில் மூலையில் ஒரு சின்ன அறிவிப்பு வந்தது. பேசாத படக் காலத்து ஃபிலிம் யாரிடமாவது இருந்தால் தெரிவிக்கும்படி ஒரு காப்பகம் கேட்டிருந்தது. ஒரு தபால் கார்டு எழுதிப் போட்டேன். எழுதும்போது என் பெயர் எழுதினேன், உங்கள் பெயரை எழுதவில்லை. அந்த அளவுக்குத்தான் தைரியம்.

ஜூன் மாசம் ஒரு மத்தியானம், வெளியே தலை காட்ட முடியாதபடி லூ என்கிற அனல்காற்று அடிக்கிற வேளையில், ஷாலினி என்கிற பெண் வந்தாள். முப்பது வயது இருக்கும். காப்பகத்தில் வேலை. உள்ளே வந்ததும் காற்றை முகர்ந்து பார்த்தாள். டப்பா அப்போது சாப்பாட்டு மேஜைமேல் இருந்தது, அவளுக்குக் காட்டலாம் என்று இறக்கி வைத்திருந்தேன். அடுப்பில் டீ கொதித்துக்கொண்டிருந்தது.

"ஆன்ட்டி ஜி, கேஸை மூடுங்க. ஜல்தி!" என்று இந்தியில் கத்தினாள்.

இந்த ஃபிலிம் தானாகவே பற்றிக்கொள்ளுமாம். பழசாக ஆக, இன்னும் குறைந்த சூடே போதுமாம். பற்றினால் தண்ணீர் ஊற்றினாலும் அணையாதாம். இத்தனை வருஷமாக நாம் இதற்கடியில் சமைத்துச் சாப்பிட்டிருக்கிறோம் அம்மா! நீங்கள் எழுதி ஒட்டியது பொய்யே இல்லை. யார் இதை இத்தனை கோடைக்குக் குளிர்ச்சியில் வைத்திருந்தது என்று ஷாலினி கேட்டாள். சொன்னேன். "அவங்க இல்லேன்னா இந்த வீடே இருந்திருக்காது" என்றாள்.

அவள் கொண்டுவந்த பெட்டியில் ஐஸ் கட்டிகளை அடுக்கி, நடுவில் டப்பாவை வைத்துக்கொண்டிருக்கும்போது வாசல் மணி அடித்தது. அண்ணன். கல்லில் என்ன எழுதுவது என்று கேட்க வந்தவன். மேஜையைப் பார்த்தான். சிவப்பு மையில் விஷம். உங்கள் கையெழுத்தை அவனுக்குத் தெரியாதா?

"இது எப்படி இங்க இருக்கு?"

நான் வாயைத் திறப்பதற்குள் அவனுக்கே புரிந்துவிட்டது. நாற்காலியில் உட்கார்ந்தான். எல்லாவற்றையும் சொன்னேன் அம்மா, நின்றுகொண்டே சொன்னேன். படம், ராணி வேஷம், சபை முன்னால் நின்றது, கேக் டப்பா, கோதுமை மாவு. ஷாலினிக்குத் தமிழ் தெரியாது, ஆனால் ஐஸ் பெட்டியை மெதுவாகத் தன் பக்கம் இழுத்து வைத்துக்கொண்டாள்.

"நீ என்ன காரியம் பண்ணியிருக்க தெரியுமாட்டி? பெட்டி மூடுறதுக்கு முன்னால, சபையார் எல்லாம் பாக்க, அம்மா சொன்னதச் செஞ்சாச்சுன்னு நான் சொன்னேன். என்னைப் பொய்யனாக்கிட்டியே!"

"அண்ணே..."

"செத்துப்போறவ கேட்ட கடைசி வார்த்தை. அத மீற நீ யாரு?"

"அம்பது வருசம் ஈரச் சாக்கு சுத்தி வச்சாங்களே, அது வார்த்தை இல்லையாண்ணே?"

"அது வேற."

"எப்படி வேற?"

கோபத்தில் அவன் கன்னம் துடித்ததைப் பார்க்கையில் அப்பாவைப் பார்க்கிற மாதிரி இருந்தது. கல் வைப்பதற்கு முன்னால் மண்ணை ஒரு முழம் தோண்டி அந்த டப்பாவை உள்ளே வைத்தே தீர வேண்டும் என்றான். அவன் பக்கத்தில் நியாயம் இல்லை என்று நான் சொல்லமாட்டேன். நீங்கள் வாங்கிய சத்தியத்தை உங்கள் மகன் காப்பாற்ற நினைத்தான், மகள் கைவிட்டாள். ஊரைக் கூட்டிக் கேட்டாலும் அவனுக்குத்தான் ஓட்டு விழும். உலை வாயை மூடலாம், ஊர் வாயை மூட முடியுமா என்பதும் அவன் மனசில் இருந்திருக்கும். செயலருடைய அம்மா சினிமாக்காரி என்று நாளைக்கு யாராவது சொன்னால்?

கடைசியில் ஒரே ஒரு விஷயத்துக்கு ஒத்துக்கொண்டான். புதைப்பதற்கு முன்னால் ஒரு தடவை திறந்து பார்ப்பது. "என்னத்தப் புதைக்கோம்னு தெரிஞ்சு புதைப்போம்" என்றான்.

ஐஸ் பெட்டியோடு ஷாலினியின் காரில் நானும் போனேன். டிரைவர் பக்கத்தில் அண்ணன் விறைத்துப்போய் உட்கார்ந்திருந்தான். பெட்டியை என் மடியில் வைத்திருந்தேன். மடியில் கனம் இருந்தால்தான் வழியில் பயம் என்பார்கள். அன்றைக்கு அந்தக் கனத்தின் பயத்தைச் சிக்னலுக்குச் சிக்னல் அனுபவித்தேன். சிவப்பு விழுந்து கார் வெயிலில் நிற்கும்போதெல்லாம் முந்தானையைப் பெட்டிமேல் விரித்தேன். அண்ணன் ஒருமுறை திரும்பிப் பார்த்தான். ஒன்றும் சொல்லாமல் தன் பக்கத்துக் கண்ணாடிக்கு இருந்த திரையைப் பிடுங்கி என்னிடம் நீட்டினான்.

காப்பகத்தில் திறக்கவே இரண்டு வாரம் ஆனது. மெதுவாகக் குளிரைக் குறைத்து, மூடியைத் தளர்த்தி, பிறகுதான் கூப்பிட்டார்கள். சுருளில் பாதி இல்லை அம்மா. தேன் மாதிரி ஒட்டிக்கொண்டும், பழுப்புப் பொடியாகவும் போய்விட்டது. குளிர்ச்சி மீதியைக் காப்பாற்றியிருக்கிறது, சாக்கின் ஈரம் பாதியைத் தின்றிருக்கிறது என்றாள் ஷாலினி. நீங்கள் காப்பாற்றியதும் அந்தச் சாக்கினால்தான், இழந்ததும் அதனால்தான். இதை உங்களிடம் சொல்லலாமா என்று ரொம்ப யோசித்தேன். ஒளித்தது போதும் என்றுதான் சொல்லிவிட்டேன்.

மிஞ்சியது நான்கு நிமிஷம். ஃபிலிம் சுருங்கியிருந்ததால் மிஷினில் ஓட்ட முடியாது. பிரதி எடுக்க மாசக்கணக்கில் ஆகும், அதற்கும் ஃபிலிம் அங்கேயே இருக்க வேண்டும். எங்களுக்காக ஒரு தடவை மட்டும், கையால் சுற்றுகிற சின்னப் பெட்டியில் காட்டுகிறேன் என்றாள். தபால் கார்டு அளவுதான் திரை. "நடுவுல அறுந்தா அறுந்ததுதான். இன்னொரு தடவை கிடையாது" என்றாள். இருட்டு அறையில் நானும் அண்ணனும் தலையோடு தலை முட்டிக்கொண்டு குனிந்தோம். சின்னப் பிள்ளையில் ஒரே பாடப் புத்தகத்தைப் படித்தபோது அப்படிக் குனிந்தது, அதற்கப்புறம் இப்போதுதான்.

ஷாலினி கைப்பிடியைச் சுற்ற ஆரம்பித்தாள்.

காற்றில் ஆடுகிற துணியில் கோயில் தூண்கள் வரைந்திருக்கிறது. நீங்கள் ஓடி வருகிறீர்கள். அம்மா, எவ்வளவு வேகமாக ஓடுகிறீர்கள்! நீங்கள் நடப்பதைத்தான் நான் பார்த்திருக்கிறேன். இடுப்பில் ஒட்டியாணம், மூக்கில் இரண்டு பக்கமும் மூக்குத்தி. சிரிப்பை அடக்கிக்கொண்டு அழுகிற முகம். சிலைக்கு முன்னால் வந்து நிற்கிறீர்கள். கைகூப்புகிறீர்கள். முகம் பெரிதாகிறது, திரை முழுக்க உங்கள் முகம்தான். உதடு அசைய ஆரம்பிக்கிறது.

நீங்கள் ஜெபம் பண்ணும்போது சத்தம் வராது. வார்டில் நோயாளிகள் தூங்கும்போது பண்ணிப் பழகியது என்று நினைத்திருந்தோம். சாப்பாட்டுக்கு முன்னால், பரீட்சைக்கு முன்னால், ஒவ்வொரு ஊசிக்கு முன்னாலும் உதடு மட்டும் அசையும். ஆமென் எப்போது வரும், தட்டில் எப்போது கை வைக்கலாம் என்று அண்ணனும் நானும் உங்கள் உதட்டையே பார்த்துக்கொண்டிருப்போம். வேறு எவருடைய வாயசைவையும் எங்களுக்குப் படிக்கத் தெரியாது. உங்களுடையது தெரியும். எங்கேயும் எழுதியிராத, நீங்களாகவே கட்டிக்கொண்ட ஜெபம் அது. இன்னைக்கு நான் செய்யப்போறது உமக்குத் தெரியும். தப்புன்னா தடுத்துப்போடும். சரின்னா தாங்கிக்கிடும்.

அதைத்தான் சொன்னீர்கள். அம்மன் சிலைக்கு முன்னால், ராணி வேஷத்தில், கொட்டகை கொட்டகையாக ஜனங்கள் பார்க்க, ஒருத்தருக்கும் கேட்காத வாயால் அதைச் சொன்னீர்கள்.

நான் அண்ணனைத் திரும்பிப் பார்க்கவில்லை, ஒரு இமைப்பொழுதும் வீணாக்க முடியாது. ஆனால் என் காதுக்குப் பக்கத்தில் அவன் உதடும் அசைவது தெரிந்தது. தப்புன்னா தடுத்துப்போடும் என்ற இடத்தில் அவன் மூச்சு நின்றது. திரையில் உங்கள் வாய் மூடிய அதே நேரத்தில் அவன் வாயிலிருந்து ஆமென் வந்தது. ஷாலினி என்னவென்று தெரியாமல் எங்களைப் பார்த்தாள், ஆனால் கையை நிறுத்தவில்லை.

பிறகு நீங்கள் கண்ணைத் துடைத்துக்கொண்டு குளத்தங்கரைக்கு ஓடினீர்கள். படியிலிருந்து எகிறினீர்கள். கால் கல்லை விட்ட இடத்தில் ஃபிலிம் அறுந்தது.

விளக்கைப் போட்டபோது அண்ணன் மூக்குக்கண்ணாடியைத் துடைத்துக்கொண்டிருந்தான். ரொம்ப நேரம் துடைத்தான். ஷாலினி ஒரு தாளை நீட்டினாள். ஃபிலிமைக் காப்பகத்திலேயே வைக்கவும் பிரதி எடுக்கவும் வாரிசுகள் எல்லோரும் சம்மதித்துக் கையெழுத்துப் போட வேண்டும், இல்லையென்றால் திருப்பித் தந்துவிட வேண்டியதுதான் சட்டம். நான் அங்கேயே போட்டேன். அண்ணன் தாளைப் படித்தான். கீழே வைத்தான். குடையை எடுத்துக்கொண்டு வெளியே போய்விட்டான். மழை பெய்துகொண்டிருந்தது, குடையை விரிக்காமலே போனான்.

பத்து நாள் ஆயிற்று. மூன்று தடவை போன் பண்ணினேன். மூன்று தடவையும் "பாப்போம்" என்றான். நான்காவது தடவை அவனே பண்ணினான், அரைப் பக்கம் கேட்டு. தாள் என்னிடம் இருக்கிறது, ஷாலினி காத்திருக்கிறாள். வெள்ளிக்கிழமை மாலைக்குள் இரண்டாவது கையெழுத்து போகவில்லையென்றால் டப்பா திரும்பி வரும். சனிக்கிழமை கல்.

அவன் என்ன நினைக்கிறான் என்று எனக்குத் தெரியவில்லை அம்மா. நீங்கள் பார்த்துக்கொண்டிருந்தால் உங்களுக்குத் தெரியும். உங்களிடம் எனக்கும் ஒரு கேள்வி இருக்கிறது. அன்றைக்குச் சபைக்கு முன்னால் நிறுத்தியபோது, நான் கும்பிட்டது சிலையை இல்லை என்று ஒரு வார்த்தை ஏன் சொல்லவில்லை? யாரும் கேட்கவில்லை என்பதாலா? சொன்னாலும் நம்பமாட்டார்கள் என்றா? இல்லை, அது உங்களுக்கும் ஆண்டவருக்கும் நடுவில் உள்ளது, மூப்பர்களுக்கு அதில் வேலை இல்லை என்று நினைத்தீர்களா? கடைசியாகச் சொன்னதுதான் உங்களுக்குப் பொருந்துகிறது. ஆனால் நீங்கள் அதைச் சொல்லியிருந்தால் எனக்கு ஆத்திரம் கொஞ்சம் குறைந்திருக்கும். உங்கள்மேல்தான் ஆத்திரம். நான்கு நிமிஷம் பார்த்த பிறகு சொல்கிறேன், நீங்கள் அப்படிச் சும்மா நடித்துப்போட்டவர் இல்லை. அந்தப் பெண் இன்னும் முப்பது படம் நடித்திருக்க வேண்டும். அவளை மூன்றோடு நிறுத்தியதற்கு நீங்களும் கையெழுத்துப் போட்டீர்களே, அதை என்னால் தாங்க முடியவில்லை.

போகட்டும். இந்தக் கடிதத்தையும் அந்தத் தாளையும் ஒன்றாகப் பின் பண்ணி நாளைக்கு அண்ணனிடம் கொடுக்கப்போகிறேன். அவன் கிழித்துப் போட்டாலும் போடலாம். நீங்கள் வாங்கிய சத்தியத்தை ஒரு தடவை மீறிவிட்டேன், இப்போது நானாகவே ஒன்று பண்ணித் தருகிறேன். அண்ணன் கையெழுத்துப் போடவில்லையென்றால், சனிக்கிழமை காலையில் உண்மையான டப்பாவை நானே என் கையால் கொண்டுவந்து உங்களிடம் தருவேன். துண்டில் சுற்றமாட்டேன். எல்லோரும் பார்க்கத் திறந்து காட்டி, உள்ளே இருப்பது யார் என்று சொல்லிவிட்டுத்தான் வைப்பேன். கையெழுத்துப் போட்டானென்றால், அந்தப் படத்தை எந்த ஊரில் எப்போது காட்டினாலும் முதல் வரிசையில் நான் இருப்பேன். எது நடந்தாலும் இனி உங்களை ஏமாற்றமாட்டேன்.

சத்தியம் மீறினவள், ஆனாலும் உங்கள் மகள்,
ஜெயசீலி

அம்மா,

அரைப் பக்கம்தான் கேட்டேன். நீளம் கருதிக் குறைக்கலாம் என்று பேனாவோடு உட்கார்ந்தேன். எங்கே வெட்டுவது என்று தெரியவில்லை. அப்படியே அச்சுக்கு அனுப்புகிறேன். சபையில் கேட்பவர்களுக்கு நான் பதில் சொல்லிக்கொள்கிறேன்.

தாளில் கையெழுத்துப் போட்டு நேற்றே நானே நேரில் கொண்டுபோய்க் கொடுத்துவிட்டேன். நடிகையின் பெயர் என்று அதில் ஒரு கோடு காலியாக இருந்தது. தங்கச்சி அதை நிரப்பாமல் எனக்கென்று விட்டிருக்கிறாள். கிரேஸ் ஞானசுந்தரி என்று எழுதினேன். ஒரு தடவை அடித்துவிட்டு மறுபடி எழுத வேண்டியிருந்தது.

இன்று காலை கல் வைத்தோம். அடியில் ஒன்றும் வைக்கவில்லை.

உங்கள் மகன்,
சாமுவேல்